எட்டுப் பேருக்கு விடுதலை, எனக்கு மட்டும் வாரண்ட்

சட்டம்: வாசகர் கேள்விகளுக்கு வழக்கறிஞர் பதில்

கேள்வி: ஐயா, வணக்கம். எனக்குச் சொந்த ஊர் மாரண்டஅள்ளி பக்கம். 2015-ல் எங்கள் நிலத்துக்குப் போகிற வண்டிப்பாதை விஷயமாகப் பக்கத்து நிலத்துக்காரரோடு தகராறு வந்து அடிதடி ஆகிவிட்டது. எங்கள் தரப்பில் ஒன்பது பேர் மேல் இந்திய தண்டனைச் சட்டத்தின் 147, 148, 341, 324, 307 (கொலை முயற்சி), 506(2) எல்லாவற்றையும் 149-ஓடு சேர்த்துப் போட்டார்கள். குற்றம் சாட்டப்பட்டவர்கள் வரிசையில் பெரியப்பா மகன் ஏ1, நான் ஏ7. அவர் அரிவாளால் தலையில் வெட்டினார், நான் தடியால் காலில் அடித்தேன் என்று எஃப்.ஐ.ஆரில் இருக்கிறது. ஜாமீனில் வந்ததும் வேலைக்காகப் பெங்களூரு போய்விட்டேன். சம்மன் என் கைக்கு வரவில்லை. என் பெயரை மட்டும் தனியாகப் பிரித்து, பிடிவாரண்ட் போட்டு, பாலக்கோடு கோர்ட்டிலேயே வைத்திருக்கிறார்கள் என்று பின்னால்தான் தெரிந்தது. மற்ற எட்டுப் பேர் மேல் தர்மபுரி செஷன்ஸ் கோர்ட்டில் விசாரணை நடந்து 2023-ல் எல்லோரும் விடுதலை. "எங்களுக்கே ஒன்றும் இல்லை என்று ஆகிவிட்டது, உனக்குத் தானாகப் போய்விடும்" என்று அண்ணன் சொன்னார், நானும் நம்பினேன். போன மாதம் போலீஸ்காரர்கள் இரண்டு பேர் வீட்டுக்கு வந்து என்னைக் கேட்டிருக்கிறார்கள். அம்மா பயந்து போயிருக்கிறார். தீர்ப்பின் சில பக்கங்களை அனுப்பியிருக்கிறேன். விசாரணை இல்லாமலே வழக்கிலிருந்து விடுவிக்கச் சொல்லி நான் டிஸ்சார்ஜ் மனு போட்டு வெளியே வர முடியுமா?

– பெயர் வேண்டாம், பாலக்கோடு வட்டம்

பதில்: தம்பி, முதலில் உங்கள் அண்ணன் சொன்னதை விட்டுவிடுங்கள். தானாக எதுவும் போகாது. கோர்ட் பிரித்து வைத்த வழக்கு, ஒரு நீதிபதி உத்தரவு போட்டு முடிக்கிற வரைக்கும் உயிரோடுதான் இருக்கும். வாரண்டும் அப்படித்தான், அதைப் போட்ட கோர்ட் ரத்து செய்ய வேண்டும் அல்லது அது நிறைவேற்றப்பட வேண்டும், அதுவரை பத்து வருஷம் ஆனாலும் செல்லும். இதை நம்பாமல் ஊர்த் திருவிழாவுக்கு வந்த இடத்தில் பிடிபட்டு, வெள்ளிக்கிழமை சாயங்காலம் ரிமாண்ட் ஆகி, சனி ஞாயிறு உள்ளே இருந்துவிட்டு வந்தவர்களை நம் மாவட்டத்தில் எந்தக் கோர்ட் வாசலில் நின்று கேட்டாலும் காட்டுவார்கள்.

ஆனால் உங்கள் நிலைமை மோசமில்லை. நீங்கள் அனுப்பிய பக்கங்களைப் பொறுமையாகப் படித்தேன். வழி இருக்கிறது, அது நீங்கள் நினைக்கிற வழி இல்லை, அவ்வளவுதான்.

உங்கள் வழக்கு இப்போது எந்தக் கட்டத்தில் நிற்கிறது என்று பாருங்கள். 307 இருப்பதால் இது செஷன்ஸ் கோர்ட் விசாரிக்க வேண்டிய வழக்கு. மாஜிஸ்திரேட் கோர்ட்டில் இதற்கு பி.ஆர்.சி. நம்பர், அதாவது செஷன்ஸுக்கு அனுப்ப வேண்டிய வழக்குக்கான பதிவு எண்தான் கொடுத்திருப்பார்கள். எல்லோருக்கும் நகல்கள் கொடுத்து, கமிட் செய்து, அதாவது வழக்கை ஒப்படைத்து, செஷன்ஸுக்கு அனுப்புவதுதான் அங்கே மாஜிஸ்திரேட்டின் வேலை. நீங்கள் ஆஜராகாததால் உங்களைப் பிரித்து உங்களுக்குப் புது பி.ஆர்.சி. நம்பர் போட்டுவிட்டு, மற்றவர்களை தர்மபுரிக்கு அனுப்பியிருக்கிறார்கள். ஆக, உங்கள் வழக்கு இன்னும் கமிட்டே ஆகவில்லை. இந்தக் கட்டத்தில் மாஜிஸ்திரேட்டிடம் போய் டிஸ்சார்ஜ் கேட்டால் அவருக்கு அந்த அதிகாரம் கிடையாது. செஷன்ஸ் வழக்கில் டிஸ்சார்ஜ் என்பது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 227-வது பிரிவில் வருவது, கமிட் ஆகி செஷன்ஸ் நீதிபதி முன்னால் போன பிறகுதான் அதைக் கேட்கவே முடியும். புதுச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவில் அது 250. அந்தச் சட்டம் 2024 ஜூலை 1 முதல் அமலில் இருந்தாலும், அதற்கு முன்பே நிலுவையில் இருந்த வழக்குகள் பழைய சட்டப்படிதான் நடக்கும் என்று அதிலேயே 531-வது பிரிவு சொல்கிறது. உங்களுடையது 2015 வழக்கு.

சரி, செஷன்ஸ் போன பிறகாவது டிஸ்சார்ஜ் கிடைக்குமா? இங்கேதான் நிறையப் பேர் ஏமாந்து போகிறார்கள். டிஸ்சார்ஜ் மனுவில் நீதிபதி பார்ப்பது போலீஸ் தாக்கல் செய்த குற்றப்பத்திரிகையையும் அதோடு இருக்கிற வாக்குமூலங்களையும் ஆவணங்களையும்தான். நம் பக்கத்திலிருந்து ஒரு காகிதத்தை நீட்டி "இதையும் பாருங்கள்" என்று கேட்க அந்தக் கட்டத்தில் உரிமை இல்லை என்று தேவேந்திரநாத் பாதி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2004-ல் சொல்லிவிட்டது. உங்கள் அண்ணன் மற்றும் ஏழு பேரின் விடுதலைத் தீர்ப்பு போலீஸ் ஆவணம் இல்லை. நீதிபதி குற்றப்பத்திரிகையைத் திறந்து பார்த்தால் அதில் அடிபட்டவர் 2015-ல் போலீஸிடம் சொன்ன வாக்குமூலம் அப்படியே இருக்கிறது, ஏ7 தடியால் அடித்தார் என்று. "முகாந்திரம் இருக்கிறது, மனு தள்ளுபடி" என்று அவர் சொன்னால் அதில் சட்டப்படி தப்பு கண்டுபிடிப்பது கஷ்டம்.

அதோடு இன்னொன்றும் இருக்கிறது. தனித்தனியாக விசாரணை நடந்தால் ஒரு வழக்கின் தீர்ப்பு அடுத்த வழக்கைக் கட்டுப்படுத்தாது, ஒவ்வொன்றும் அதில் பதிவாகிற சாட்சியத்தை வைத்தே முடிவாக வேண்டும் என்று 1965-லேயே கரண் சிங் எதிர் மத்தியப் பிரதேச அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பின்னால் ராஜன் ராய் எதிர் பீகார் வழக்கிலும் இதே நிலைதான் எடுத்தார்கள். அரசு வக்கீல் எழுந்து முதலில் சொல்லப் போவது இதைத்தான். அவர் சொல்வது சரியும்கூட. கூட இருந்தவர்கள் விடுதலை ஆனதே ஒரு காரணம் இல்லை. அவர்கள் ஏன் விடுதலை ஆனார்கள் என்பதுதான் காரணமாக முடியும்.

அதனால் அந்தத் தீர்ப்பை எப்படிப் படிக்க வேண்டும் என்று கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், இது உங்களுக்கு மட்டும் இல்லை, இதே நிலையில் இருக்கிற எல்லோருக்கும்.

நம் கோர்ட்டுகளில் தமிழில் எழுதுகிற தீர்ப்பில் குற்றம் சாட்டப்பட்டவரை எதிரி என்றும், அரசுத் தரப்பு சாட்சியை அ.சா.1, அ.சா.2 என்றும் போடுவார்கள். கடைசிப் பக்கத்தில் இருக்கிற "எதிரிகள் 1 முதல் 6, 8, 9 ஆகியோர் விடுதலை செய்யப்படுகிறார்கள்" என்ற வரியைத்தான் எல்லோரும் பார்க்கிறார்கள், வாட்ஸப்பில் அனுப்புவதும் அதைத்தான். எனக்குத் தேவை அதற்கு முன்னால் இருக்கிற பக்கங்கள். நீங்கள் அனுப்பியதில் ஒரு பத்தியில் அ.சா.1, அ.சா.2 இரண்டு பேரும், அதாவது வெட்டுப்பட்டவரும் அவர் தம்பியும், "தங்களை யார் தாக்கினார்கள் என்று தெரியாது, இருட்டாக இருந்தது" என்று போலீஸிடம் சொன்னதை மாற்றிச் சொல்லிப் பிறழ் சாட்சி ஆகியிருக்கிறார்கள். பார்த்த சாட்சிகள் என்று போடப்பட்ட அ.சா.3, அ.சா.4 சம்பவ இடத்திலேயே இல்லை என்று சொல்லிவிட்டார்கள். மகஜரில், அதாவது போலீஸ் இடத்தையும் பொருளையும் பார்த்து எழுதுகிற குறிப்பில், கையெழுத்துப் போட்ட சாட்சிகள் "ஸ்டேஷனில் கையெழுத்துப் போட்டோம்" என்று சொல்லியிருக்கிறார்கள். மிச்சம் இருந்தது டாக்டரும் புலன் விசாரணை அதிகாரியும்தான். காயம் இருந்தது என்று டாக்டர் சொல்ல முடியும், யார் போட்ட காயம் என்று அவரால் எப்படிச் சொல்ல முடியும்?

இது உங்களுக்கு நல்ல தீர்ப்பு. எதிரி 7 பற்றித் தனியாக ஒரு வார்த்தைகூட அதில் இல்லை. சம்பவத்தில் சம்பந்தப்பட்டவர்கள் யார் என்றே நிரூபிக்கவில்லை என்பதுதான் முடிவு, எட்டுப் பேரில் இவர் செய்யவில்லை அவர் செய்யவில்லை என்று ஆளாளுக்குப் பிரித்துச் சொன்னதில்லை. எட்டுப் பேருக்கு எதிராக நிற்காத அதே சாட்சிகள்தான் உங்களுக்கும், புதிதாக ஒருவர்கூடக் குற்றப்பத்திரிகையில் இல்லை.

இதையே மாற்றி நினைத்துப் பாருங்கள். தீர்ப்பில் "ஏ7-தான் அடித்தார் என்று அ.சா.1 தெளிவாகச் சொல்கிறார், ஆனால் அவர் தலைமறைவாக இருக்கிறார், இந்த எதிரிகள் மேல் குறிப்பாக எதுவும் இல்லை" என்று ஒரு வரி இருந்திருந்தால், அந்த விடுதலைத் தீர்ப்பே உங்களுக்கு எதிரான காகிதம். ஒருவர் அன்றைக்கு ஊரிலேயே இல்லை, ஓசூரில் ஷிஃப்டில் இருந்தார் என்று நிரூபித்து விடுதலை வாங்கியிருந்தால் அது அவருடைய சொந்தக் காரணம், உங்களுக்கு உதவாது. வழக்கின் அடிப்படையே ஆட்டம் கண்டதா, இல்லை அந்த ஆட்களுக்கு மட்டும் பொருந்துகிற காரணமா என்று பார்க்க வேண்டும்.

இந்த மாதிரித் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு போக வேண்டிய இடம் சென்னை ஹைகோர்ட். பழைய சட்டத்தில் 482, புதுச் சட்டத்தில் 528. (எண்ணில் ஜாக்கிரதையாக இருங்கள். புதுச் சட்டத்தின் 482 முன்ஜாமீனுக்கானது. வேறு ஆட்களிடம் கேட்டு எண்ணை மட்டும் சொல்லிக் குழம்பிப் போனவர்கள் இப்போது நிறைய.) இந்தப் பிரிவில் ஹைகோர்ட்டுக்கு இருக்கிற அதிகாரம் பெரியது. டிஸ்சார்ஜ் மனுவுக்கு இருக்கிற கட்டு அங்கே இல்லை, விடுதலைத் தீர்ப்பையும் சாட்சிகளின் கோர்ட் வாக்குமூலத்தையும் பார்க்கலாம். அதே சாட்சிகளை வைத்து இன்னொரு விசாரணை நடத்துவது வீண் வேலை, கோர்ட் நேரமும் போய் மனுதாரரும் அலைய வேண்டியதுதான் மிச்சம் என்று தோன்றினால் பிரித்து வைத்த வழக்கை ரத்து செய்யலாம், அப்படிச் செய்த உத்தரவுகள் சென்னை ஹைகோர்ட்டில் எத்தனையோ இருக்கின்றன. செய்யாமல் "விசாரணையைச் சந்தியுங்கள்" என்று திருப்பி அனுப்பிய உத்தரவுகளும் இருக்கின்றன, அதையும் சொல்ல வேண்டும். பிறழ் சாட்சியால் வந்த விடுதலை என்றால், "அவர்கள் உங்கள் வழக்கில் உண்மையைச் சொல்லலாம் இல்லையா" என்று ஒரு நீதிபதி கேட்கக்கூடும். இதற்கு உங்கள் வக்கீல் தயாராக இருக்க வேண்டும்: அந்தச் சாட்சிகள் ஏற்கனவே சத்தியம் செய்து, அரசு வக்கீலின் குறுக்கு விசாரணையிலும் மாறாமல், கோர்ட்டில் சொன்னதற்கு நேர்மாறாக இனிச் சொன்னாலும் அதை எந்த நீதிபதி நம்பித் தண்டிப்பார்?

2023-ல் ஜாவேத் ஷௌகத் அலி குரேஷி எதிர் குஜராத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் உங்களுக்குத் துணை. ஒரே மாதிரி சாட்சியம், ஒரே மாதிரி பங்கு என்று இருக்கும்போது ஒருவரைத் தண்டித்து இன்னொருவரை விடுதலை செய்ய முடியாது என்றார்கள். அந்த வழக்கில் எல்லோரும் ஒன்றாக விசாரிக்கப்பட்டவர்கள், உங்களுடையது பிரிந்து கிடக்கிறது, அந்த வித்தியாசத்தை அரசு தரப்பு காட்டும். இருந்தாலும் வாதத்தின் உயிர் அதில் இருக்கிறது.

149 பற்றியும் ஒரு வார்த்தை. சட்டவிரோதக் கூட்டத்தில் ஒருவர் செய்ததற்குக் கூட இருந்த எல்லோரையும் பொறுப்பாக்குகிற பிரிவு அது. சட்டவிரோதக் கூட்டம் என்றால் குறைந்தது ஐந்து பேர் வேண்டும். குற்றப்பத்திரிகையில் பெயர் சொல்லி ஒன்பது பேர்தான், "இன்னும் அடையாளம் தெரியாத சிலர்" என்று கிடையாது. எட்டுப் பேரும் போய்விட்டால் நீங்கள் ஒருவர் எப்படிக் கூட்டம் ஆவீர்கள்? மோகன் சிங் எதிர் பஞ்சாப் என்ற பழைய வழக்கில் இந்த ஐந்து பேர் கணக்கை உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. இந்த வாதம் ஏற்கப்பட்டால் ஏ1 அரிவாளால் வெட்டியதை உங்கள் தலையில் கட்ட முடியாது, நீங்கள் தடியால் காலில் அடித்தீர்கள் என்பது மட்டும்தான் மிச்சம், அதற்கும் சொல்ல ஆள் இல்லை.

சரி, இதெல்லாம் வாதம். அதற்கு முன்னால் வாரண்டைப் பாருங்கள். ஹைகோர்ட்டில் மனு போட்டால் நீதிபதி முதலில் கேட்பது "உங்கள் கட்சிக்காரர் இப்போது எங்கே" என்பதுதான். ஒளிந்திருப்பவருக்காக வாதாடுவதும், கோர்ட்டில் ஆஜராகி நிற்பவருக்காக வாதாடுவதும் ஒன்றில்லை. பாலக்கோட்டில் வக்கீல் வைத்து, வக்காலத்து போட்டு, வாரண்டை ரத்து செய்யக் கேட்கிற ரீகால் மனுவோடு நீங்களே நேரில் ஆஜராகுங்கள். வாரத்தின் முதல் நாட்களில், காலையிலேயே போங்கள். ஆதார், பெங்களூருவில் வேலை செய்கிற இடத்தின் அடையாள அட்டை, சம்பளச் சீட்டு, சம்மன் போன முகவரியில் நீங்கள் அப்போது இல்லை என்பதற்கு என்ன காகிதம் இருக்கிறதோ அது எல்லாம் கையில் இருக்கட்டும். ஜாமீன்தாரர் இரண்டு பேர் வரித் தீர்வை ரசீதோடும் ரேஷன் கார்டோடும் பக்கத்தில் இருக்கட்டும். மாஜிஸ்திரேட் ரத்து செய்யலாம், புது ஜாமீன்தாரர் கேட்கலாம், ரிமாண்டும் செய்யலாம். அந்த மூன்றாவது பயம் அதிகமாக இருந்தால், சரணடைகிற அன்றே ரீகால் மனுவைப் பரிசீலிக்க வேண்டும் என்று ஹைகோர்ட்டில் ஒரு உத்தரவு வாங்கிக்கொண்டு வருகிறவர்களும் உண்டு. அப்புறம் 2015-ல் உங்களுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டவர்களிடம் பேசுங்கள். நீங்கள் வராததால் அவர்களுக்கு நோட்டீஸ் போயிருக்கலாம், பணம் கட்டச் சொல்லியிருக்கலாம். ஊரில் உங்களை நம்பிக் கையெழுத்துப் போட்டவர்கள் அவர்கள், இந்த எட்டுப் பத்து வருஷத்தில் அதை யாரும் யோசித்ததாகத் தெரியவில்லை.

ஆவணங்களுக்கு வருவோம். தீர்ப்பு இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் கிடைக்கலாம், ஆனால் ஹைகோர்ட்டுக்குச் சான்றிட்ட நகல் வேண்டும். அதைவிட முக்கியம் அ.சா.1 முதல் கடைசி சாட்சி வரைக்கும் ஒவ்வொருவருடைய வாக்குமூல நகல், முதல் விசாரணையும் குறுக்கு விசாரணையும் சேர்த்து. இது இணையத்தில் வராது, தர்மபுரி செஷன்ஸ் கோர்ட்டில் நகல் மனு போட்டுத்தான் வாங்க வேண்டும். அந்த வழக்கில் நீங்கள் கட்சிக்காரர் இல்லை என்று சொன்னால், அதே குற்ற எண்ணில் பிரிக்கப்பட்ட எதிரி என்று பி.ஆர்.சி. நம்பரைக் குறிப்பிட்டு மனுவில் எழுதச் சொல்லுங்கள், இல்லையென்றால் உங்கள் அண்ணன் பெயரிலேயே நகல் மனு போடலாம், அவருக்கு எந்தத் தடையும் இல்லை.

தீர்ப்பின் கடைசியில் சான்றுப் பொருட்கள் பற்றி ஒரு பத்தி வரும். உங்களுடையதில் "எதிரி 7 மீதான வழக்கு நிலுவையில் உள்ளதால் சான்றுப் பொருட்களைப் பாதுகாத்து வைக்க வேண்டும்" என்று இருக்கிறது. தானாகப் போய்விடும் என்று சொன்ன அண்ணன் அந்த வரியைப் படித்திருந்தால் அப்படிச் சொல்லியிருக்க மாட்டார். அரிவாளும் தடியும் இன்றைக்கும் உங்களுக்காகத்தான் கோர்ட் சொத்து அறையில் இருக்கின்றன.

இன்னும் இரண்டு விஷயம் விசாரிக்க வேண்டும். ஒன்று, அந்த விடுதலையை எதிர்த்து அரசோ அடிபட்டவரோ மேல்முறையீடு போட்டிருக்கிறார்களா. அரசுக்கு 90 நாள் கெடு, தாமதத்தை மன்னிக்கக் கேட்டும் போடலாம். மேல்முறையீடு நிலுவையில் இருந்தால் உங்கள் அஸ்திவாரமே இன்னும் காயவில்லை என்று அர்த்தம். இரண்டு, எட்டுப் பேர் விசாரணையின்போது உங்களைத் தலைமறைவு என்று காட்டி, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 299-வது பிரிவில் சாட்சியம் பதிவு செய்தார்களா. அப்படி முறைப்படி பதிவு செய்திருந்தால், பின்னால் ஒரு சாட்சி இறந்துபோனாலும் அவர் சொன்னதை உங்களுக்கு எதிராக எடுத்துக்கொள்ளலாம். உங்கள் தீர்ப்பில் அதற்கான அறிகுறி எனக்குத் தெரியவில்லை, ஆனால் முழு ஏட்டையும் பார்த்துத்தான் உறுதி செய்ய வேண்டும்.

எதிர்த் தரப்போடு இப்போது பேச்சுவார்த்தை இருக்கிறதா என்று நீங்கள் எழுதவில்லை. பாதைப் பிரச்சினை தீர்ந்து, ஊரில் இரண்டு குடும்பமும் ஒருவர் வீட்டு விசேஷத்துக்கு ஒருவர் போய்வருகிற நிலை இருந்தால் அதுவும் பலம். 307-ஐச் சமரசமாக முடித்துக்கொள்ளக் கீழ்க் கோர்ட்டில் வழி இல்லை. ஆனால் காயத்தின் தன்மையையும் மற்றதையும் பார்த்து ஹைகோர்ட் சமரசத்தை ஏற்று ரத்து செய்யலாம் என்று நரீந்தர் சிங் எதிர் பஞ்சாப் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014-ல் சொன்னது. அடிபட்டவர் தானாக முன்வந்து பிரமாணப் பத்திரம் கொடுத்தால் நல்லது. அவரைத் தேடிப் போய் வற்புறுத்தினாலோ ஆள் விட்டு மிரட்டினாலோ பழைய வழக்கு இருக்கும்போதே புது வழக்கு வரும். அதைச் செய்யாதீர்கள், உங்கள் அண்ணனையும் செய்ய விடாதீர்கள்.

ஹைகோர்ட் ரத்து செய்யவில்லை என்றால்? கமிட் ஆகி, செஷன்ஸில் விசாரணைக்கு நில்லுங்கள். பயப்பட வேண்டாம். இந்த மாதிரிப் பிரிந்த வழக்கில் சாட்சிகள் ஏற்கனவே சொன்னதையே வந்து சொல்லிவிட்டுப் போவதுதான் பெரும்பாலும் நடக்கிறது. முடிவில் உங்கள் பெயருக்கே ஒரு விடுதலைத் தீர்ப்பு கிடைக்கும்.

வக்கீல் வைக்க வசதி இல்லை என்றால் தர்மபுரி மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பம் கொடுங்கள், 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம். அம்மாவிடம் ஒன்று சொல்லுங்கள்: போலீஸ் மறுபடி வந்தால் "பையன் கோர்ட்டில் ஆஜராகப் போகிறான், வக்கீல் வைத்திருக்கிறோம்" என்று சொல்லி வக்கீல் எண்ணைக் கொடுத்தால் போதும். இங்கே இல்லை, தெரியாது என்று பொய் சொல்ல வேண்டாம்.

கேள்வி: என் கணவர் மேல் 2024 செப்டம்பரில் ஏமாற்று வழக்கு போட்டார்கள். அவரோடு தொழில் பார்த்தவர் ஏ1, என் கணவர் ஏ2, கணக்கு எழுதியவர் ஏ3. ஏ3-ஐ மாஜிஸ்திரேட் டிஸ்சார்ஜ் செய்துவிட்டார். அவரை விட்டதை வைத்து என் கணவருக்கும் கேட்கலாமா? குற்றப்பத்திரிகை நகல் வாங்கி ஒரு மாதத்துக்கு மேல் ஆகிறது.

– வாசகி, ஓசூர்

பதில்: அம்மா, மற்றதையெல்லாம் விட்டுவிட்டு முதலில் தேதியைப் பாருங்கள். உங்கள் கணவர் வழக்கு புதுச் சட்டத்தில் வருகிறது. மாஜிஸ்திரேட் விசாரிக்கிற இந்த வகை வழக்கில் நகல்கள் கொடுத்த தேதியிலிருந்து 60 நாளுக்குள் டிஸ்சார்ஜ் மனு போட வேண்டும் என்று 262-வது பிரிவு சொல்கிறது. பழைய சட்டத்தில் இப்படி ஒரு கெடு இல்லை, அதனால் அனுபவமுள்ள வக்கீல்களே சில நேரம் அடுத்த வாய்தாவில் பார்க்கலாம் என்று விட்டுவிடுகிறார்கள். இந்த வாரமே போய் நகல் வாங்கிய கையெழுத்து எந்தத் தேதியில் இருக்கிறது என்று பார்த்து மனுவைப் போடச் சொல்லுங்கள்.

ஏ3 விஷயம் வேறு. டிஸ்சார்ஜ் என்பது விடுதலை இல்லை. அவர் மேல் விசாரணைக்கே போதுமான காரணம் இல்லை என்று மட்டும்தான் அதற்கு அர்த்தம், பின்னால் விசாரணையில் அவருக்கு எதிராகச் சாட்சியம் வந்தால் மறுபடி இழுக்கவும் சட்டத்தில் இடம் இருக்கிறது. அவர் சம்பளத்துக்குக் கணக்கு எழுதியவர். உங்கள் கணவர் பங்குதாரர், பணம் யார் கணக்குக்குப் போனது, காசோலையில் யார் கையெழுத்து என்பதெல்லாம் அவர் பக்கம் வேறாக இருக்கும். ஏ3-க்கான உத்தரவின் நகலை வாங்கிப் படியுங்கள். "பணம் கொடுத்ததற்கே ஆதாரம் இல்லை" என்று இருந்தால் அது எல்லோருக்கும் பொருந்தும், "இவர் வெறும் ஊழியர்" என்று இருந்தால் உங்கள் கணவருக்கு அது உதவாது, அவருக்குத் தனியாக வாதம் கட்ட வேண்டும். மனு தள்ளுபடி ஆனால் 90 நாளுக்குள் மேல் கோர்ட்டில் சீராய்வு மனு போடலாம்.

கேள்வி: என் மகன் போலீஸ் வேலைக்குத் தேர்வாகியிருக்கிறான். கல்லூரியில் படிக்கும்போது நடந்த ஒரு அடிதடி வழக்கில் அவனும் மற்ற நாலு பேரும் ஊத்தங்கரை கோர்ட்டில் விடுதலை. விண்ணப்பத்தில் அதைச் சொல்லாமல் விட்டால் என்ன? விடுதலை ஆன வழக்குதானே?

– வாசகர், ஊத்தங்கரை

பதில்: தயவுசெய்து மறைக்காதீர்கள். இந்தக் கேள்வியை எனக்கு அனுப்பியதற்கே நன்றி, அனுப்பாமல் அவர் வெறும் "இல்லை" என்று எழுதியிருந்தால் வேலை கிடைத்த பிறகுகூடப் போயிருக்கும். 2016-ல் அவ்தார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த விஷயத்தை முழுக்க அலசியது. வழக்கு விவரத்தை உண்மையாக எழுத வேண்டும், எழுதிய பிறகு அது எவ்வளவு பெரியது, எப்படி முடிந்தது என்று துறை பார்த்து முடிவு செய்யலாம், மறைத்ததே வேலையை மறுக்கத் தனிக் காரணமாக நிற்கும்.

தமிழ்நாட்டில் போலீஸ் வேலைக்கு இன்னொரு முடிச்சும் இருக்கிறது. பணி விதி 14(பி)-யில், சந்தேகத்தின் பலனைக் கொடுத்தோ, புகார் கொடுத்தவர் பிறழ் சாட்சி ஆனதாலோ விடுதலை ஆனவரை வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருத வேண்டும் என்று விளக்கம் இருக்கிறது. மணிகண்டன் வழக்கில் 2008-ல் சென்னை ஹைகோர்ட்டின் முழு அமர்வும் இதை ஏற்றது. அதனால் மகனுடைய தீர்ப்பில் என்ன வார்த்தை இருக்கிறது என்பதுதான் இப்போது முக்கியம். "குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை, சம்பவத்தில் எதிரி இல்லை" என்று தெளிவாக இருந்தால் ஒரு நிலை, "சந்தேகத்தின் பலனை எதிரிக்கு அளித்து" என்று இருந்தால் வேறு நிலை. சான்றிட்ட நகலைச் சேர்த்து உண்மையாக எழுதட்டும். அப்படி எழுதியும் தேர்வு ரத்தானால் ஹைகோர்ட்டில் ரிட் போடலாம். மறைத்துவிட்டுப் போனால் அந்த ரிட்டில் நின்று பேசவே வாய் இருக்காது.

இளைஞர்கள் கூட்டமாகச் சேர்ந்து அடிதடிக்குப் போகிற இடத்தில் ஒரு ஓரமாக நின்றவன் பெயரும் எஃப்.ஐ.ஆரில் வந்துவிடுகிறது, பிறகு இப்படி ஐந்தாறு வருஷம் கழித்து அது வேலையில் வந்து நிற்கிறது. இதைப் பார்க்கும்போதெல்லாம் மனது கஷ்டமாக இருக்கிறது.

கேள்வி: வழக்கு நிலுவையில் இருக்கிறது, சிங்கப்பூரில் வேலை கிடைத்திருக்கிறது. வழக்கு முடிகிற வரை பாஸ்போர்ட் கிடைக்காதா?

– வாசகர், காவேரிப்பட்டணம்

பதில்: கிடைக்கும், கோர்ட் அனுமதி இருந்தால். பாஸ்போர்ட் சட்டம் 6(2)(எஃப்) குற்ற வழக்கு நிலுவையில் இருப்பவருக்கு மறுக்கச் சொல்கிறது. ஆனால் 1993 ஆகஸ்ட் 25 தேதியிட்ட மத்திய அரசு அறிவிப்பின்படி, வழக்கு நடக்கிற கோர்ட் வெளிநாடு போக அனுமதி கொடுத்து உத்தரவு போட்டால் அதை வைத்துப் பாஸ்போர்ட் தரலாம். எத்தனை வருஷத்துக்கு என்று கோர்ட் உத்தரவில் எழுதினால் அத்தனை வருஷம், எழுதாவிட்டால் ஒரு வருஷம்தான் தருவார்கள். அதனால் மனுவிலேயே வேலை ஒப்பந்தத்தைச் சேர்த்து, எத்தனை வருஷம் வேண்டும் என்று குறிப்பிட்டுக் கேட்கச் சொல்லுங்கள். விண்ணப்பத்தில் வழக்கு இருக்கிறதா என்ற இடத்தில் "ஆம்" என்றே எழுதுங்கள்.